வாசலில் குனிந்தவர்

மே 12, 2018
ஊர் மண்டபத்தில் மேடையை அளந்தேன். பத்தடி அகலம். எங்கள் வாசலும் கூடமும் அடங்கிவிடும். வெளிநாட்டில், கிராஸிலும் லுப்லியானாவிலும், அப்பாவைப் பற்றி நான் பலமுறை நடித்த நாடகம். சொந்த ஊரில், டிரினா ஆற்றங்கரையில், இதுதான் முதல் முறை. போரில் விரட்டப்பட்ட எங்கள் முஸ்லிம்களில் திரும்பி வந்தது நாற்பதே குடும்பம். கடைத்தெருவில் ஒருத்தி: "வந்துட்டா அழுகைக்காரி! எத்தன கைக்குட்ட கொண்டாந்திருக்கா, கேளு."

மே 19
ஒத்திகை. நாடகத்தில் வருவது 1992 ஜூன், ஒரு காலை. ஐந்து பேர் வந்தார்கள். நான்கு வெளியூர்க்காரர்கள் பூட்ஸோடு கம்பளத்தில் ஏறினார்கள். ஐந்தாமவர் பக்கத்து வீட்டு ராடோயே மாமா. துப்பாக்கியைச் சுவரில் சாய்த்து, குனிந்து, பூட்ஸைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு உள்ளே வந்தார். எங்கள் ஊரில் யாரும் காலணியோடு வீட்டுக்குள் வருவதில்லை. அன்றைக்கும் அந்தப் பழக்கம் போகவில்லை. காலுறையோடு நின்று, துப்பாக்கிக் கட்டையால் அப்பாவின் வாயில் அடித்தார். பற்கள் கம்பளத்தில் விழுந்தன. பிறகு இழுத்துப்போனார்கள். எனக்குப் பதினொரு வயது.

அப்பாவின் எலும்பு இன்னும் கிடைக்கவில்லை. மரபணுவைப் பொருத்திப் பார்க்க அம்மா இரத்தம் கொடுத்துப் பதினைந்து வருடம். ஒவ்வொரு ஆண்டும், கண்டெடுத்த எலும்புகளின் பொது அடக்கத்துக்குப் போய், மற்ற வீட்டுப் பெட்டிகளைத் தொட்டுவிட்டு வருகிறாள்.

மேடையில் ராடோயே மாமாவின் பெயரை மட்டும் நான் சொன்னதில்லை.

மே 26
சொல்லிவிட்டேன். பின்வரிசையிலிருந்து ஒருவன், "கட்டுக்கதை! அப்படி ஒருத்தன் இருந்தா பேரச் சொல்லுடி!" என்று கத்தினான். வாய் தானாகச் சொன்னது. நாற்காலிகள் பறந்தன. ஒன்றின் கால் என் புருவத்தைக் கிழித்தது — நான்கு தையல்.

அண்ணன் நெஜிப்தான் என்னை வெளியே இழுத்து வந்தான். 1992இல் அந்தக் காலையில் அவன் காட்டில் ஒளிந்திருந்தான். "பதினஞ்சு வருஷமா அந்தாளுக்கு வணக்கம் சொல்றேன். அவன் டிராக்டரத் தள்ளிவிட்ருக்கேன். உனக்கும் அம்மாவுக்கும் தெரியும், இல்ல?"

ஏன் மறைத்தோம் என்பது அவன் முகத்திலேயே இருந்தது.

மே 28
சன்னலில் கல். அம்மாவின் படுக்கை முழுக்கக் கண்ணாடி.

ஜூன் 3
ராடோயேயின் மனைவி ஸ்தானா வேலியோரம் வந்தாள்.

"ஜும்ரா, அவரு சாப்பிடமாட்டேங்கறாரு. உங்கப்பாவ எங்க பொதச்சாங்கன்னு சொல்லிடறேங்கறாரு. எங்கிட்டக்கூட சொல்லல. வியாழக்கிழம பத்து மணிக்கு வருவாரு. உங்கம்மா கையால காப்பி குடிச்சிட்டுத்தான் சொல்வாராம்."

"காப்பியா? மூஞ்சில ஊத்தறேன்."

"ஊத்து. மொதல்ல கேட்டுக்க, அப்புறம் ஊத்து. ஆனா போலீசு கேட்டா நான் ஒண்ணும் சொல்லமாட்டேன். எனக்கும் புள்ளைங்க இருக்கு."

நெஜிப்பிடம் சொல்லவில்லை. வியாழக்கிழமை அவன் மரம் அறுக்கும் ஆலையில் இருப்பான்.

ஜூன் 7
ஆலையில் மின்சாரம் இல்லை. நெஜிப் ஒன்பதரைக்கே திரும்பி, பின்கொட்டகையில் கோடரிக்குக் காம்பு செதுக்கிக்கொண்டிருந்திருக்கிறான். எனக்குத் தெரியாது. நான் காப்பி அரைத்துக்கொண்டிருந்தேன்.

மாமா வந்தார். படியில் குனிந்து ஒரு பூட்ஸின் கயிற்றை அவிழ்த்தார். அடுத்ததில் கை வைத்தபோது நெஜிப் பின்னாலிருந்து அந்தக் காம்பால் அடித்தான். நான் கேட்டது இரண்டாவது அடியை. மூன்றாவதில் மண்டை உள்வாங்கியது. காது கிழிந்து தொங்கியது. "எங்க வாசல்ல வந்து குனியறியா? குனியறியாடா?" அம்மா அவன் முதுகில் குத்திக் குத்தி அழுதாள்.

நான் அவர் தலையைத் துணியால் அழுத்தினேன். காப்பாற்றவா? இல்லை. காதருகே குனிந்து, "எங்க மாமா? ஆத்துப் பக்கமா? சொல்லித் தொலைங்களேன், எங்க?" என்றே கேட்டேன். வாயில் இரத்தக் குமிழிதான் வந்தது.

ஜூன் 9
ராடோயே விடிகாலையில் செத்துப்போனார். ஒரு வார்த்தை பேசவில்லை.

ஜூலை 11
பொது அடக்கம். இந்த வருடம் அம்மா வரவில்லை என்றுவிட்டாள்.

ஜூலை 14
சிறையில் நெஜிப்பைப் பார்த்தேன். அம்மா சுட்ட பாலாடைக்கட்டி பீத்தாவில் மூன்று துண்டுகளை அனுமதித்தார்கள். அவன் தொடவில்லை. இளைத்திருக்கிறான்.

"அன்னிக்கு அவன் எதுக்குடி வந்தான்?"

காவலர் கடிகாரத்தைப் பார்த்தார்.

"மெரட்டத்தான் வந்தாரு," என்றேன். "நாடகத்த நிறுத்தலன்னா வீட்டக் கொளுத்துவேன்னு சொல்ல."

"யாரு சொன்னா?"

"ஸ்தானா."

 பீத்தாவை எடுத்துப் பிய்த்தான். மூன்று துண்டையும் தின்றான்.

"அடுத்த தடவ உப்பு கொஞ்சம் கூடப் போடச் சொல்லு."