ஏட்டும் ஏட்டும்: இரண்டாம் பாகம்

மே 19

வெந்தயம் ஊற வைத்ததை மறந்தே போனேன். பாஸ்கரன் சார் போன் செய்ததுதான் காரணம். ‘ஏட்டும் ஏட்டும்’ இரண்டாம் பாகம் எடுக்கிறாராம். பழைய ஸ்டேஷன் ஆட்கள் அத்தனை பேரும் வேண்டுமாம். எனக்கு அதே பெண் காவலர் வேடம். முதல் படத்தில் எனக்கு இருந்ததே நாலு வசனம். ஆனாலும் மேனாம்பேட்டில் கீரை விற்கிற அம்மா இன்றைக்கும் என்னை ‘ஏட்டம்மா’ என்றுதான் கூப்பிடுகிறார். நான் வெறும் கான்ஸ்டபிள். திருத்தியதில்லை.

ஏட்டுகள் கன்னியப்பன் அண்ணனும் தேவாவும். ஒரே ஸ்கூட்டரில் இருவரும் திருடனைத் துரத்திப்போய், பாதி வழியில் பெட்ரோல் தீர்ந்து, திருடனிடமே வண்டியைத் தள்ளச் சொல்வார்களே, அதற்கு ஜனங்கள் அப்படிச் சிரித்தார்கள். அதன் பிறகு தேவா பெரிய கதாநாயகன் ஆகிவிட்டான். பூந்தமல்லியிலிருந்து ஆவடி வரை அவன் முகம்தான். அண்ணன் மாங்காட்டிலேயே இருக்கிறார், கிடைத்த வேடத்தைச் செய்துகொண்டு. அண்ணி தவறியபோது தேவா வரவில்லை. வெளிநாட்டில் படப்பிடிப்பு என்றார்கள். பிறகு இருவரும் பேசிக்கொண்டதாக யாரும் சொல்லிக் கேட்டதில்லை.

ஜூன் 3

முதல் நாள். அம்பத்தூர் எஸ்டேட்டில் மூடிக் கிடக்கும் ஒரு தொழிற்சாலைக்குள் ஸ்டேஷன் செட். அதே மேஜை, அதே லாக்கப், சுவரில் அதே பச்சை. மேலே கூரை ஷீட் உடைந்த இடங்களில் வெயில் தூண் தூணாக இறங்குகிறது. அதில் தூசி சுற்றிக்கொண்டே இருக்கிறது. உள்ளே நுழைந்ததும், கனவில் பழைய வீட்டுக்குப் போனது மாதிரி — எல்லாம் அதுவேதான், ஆனால் அது இல்லை.

தேவா வந்தான். அண்ணன் எழுந்து கைகூப்பி, “வணக்கம் சார்” என்றார்.

அந்தப் படத்தில் நாள் முழுக்க அவனை ‘மாமே, மாமே’ என்று கூப்பிட்டவர்.

ஜூன் 5

உதவி இயக்குநர் ஜோதிகா சொல்லித் தெரிந்தது. அண்ணனின் ஏட்டு முதல் அரை மணி நேரத்திலேயே சுடப்பட்டுச் சாகிறார். அதற்குப் பழிவாங்கத்தான் தேவா கிளம்புகிறான், கூட ஒரு புது இளைஞனோடு. அண்ணனுக்கு இன்னும் சொல்லவில்லை. தேவாவுக்கு? அவனிடம்தான் கதையை முதலில் சொன்னார்களாம்.

தெரிந்தும் ஒப்புக்கொண்டானா?

ஜூன் 6

அண்ணன் வீட்டிலிருந்து எலுமிச்சை ஊறுகாய் கொண்டுவந்தார். எல்லாருக்கும் பரிமாறினார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

ஜூன் 9

இன்று நடந்ததை எழுதாமல் தூங்க முடியாது.

சாப்பாட்டு இடைவேளை. எல்லாரும் வெளியே மரத்தடிக்குப் போய்விட்டார்கள். செட்டுக்குள் நானும் அண்ணனும் மட்டும் சீருடையோடு உட்கார்ந்திருந்தோம். ஒரு அம்மா செருப்பை வாசலிலேயே கழற்றிவிட்டு உள்ளே வந்தார். ஐம்பது வயதைத் தாண்டியவர், வேர்த்து வழிகிறது. நேராக அண்ணனின் மேஜைக்கு வந்து நின்றார்.

குத்தம்பாக்கத்திலிருந்து வருகிறாராம். பேர் சொர்ணம். கணவர் ஜெயராமனைக் காலையிலிருந்து காணோம். அவருக்குக் கொஞ்ச காலமாக ஞாபகம் தப்பிப்போகிறது. இந்தத் தொழிற்சாலையில்தான் வேலை பார்த்தவர். இது மூடிப் பல வருஷமாகிவிட்டது என்பது அவர் மனதில் நிற்பதில்லை. பழைய காக்கிச் சட்டையை மாட்டிக்கொண்டு வேலைக்குக் கிளம்பியிருப்பார் என்று நினைத்துத்தான் இங்கே தேடி வந்திருக்கிறார்.

“கம்பெனிதானே சார் இருந்திச்சு இங்க? எப்ப ஸ்டேஷன் ஆச்சு?” என்று கேட்டார். பிறகு அவரே, “எதுவா இருந்தா இன்னா. அவர கண்டுபுடிச்சிக் குடுங்க” என்றார்.

அண்ணன் அவரை உட்காரவைத்தார். தண்ணீர் கொடுத்தார். ஜெயராமன் என்ன உயரம், எப்படி நடப்பார், கூப்பிட்டால் திரும்பிப் பார்ப்பாரா என்றெல்லாம் கேட்டார். நடிப்பே இல்லை. எல்லாவற்றையும் கேட்டு முடித்த பிறகுதான் தொப்பியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார்.

“யம்மா, நாங்க நெசப் போலீசு இல்ல. சினிமாக்காரங்க. ஆனா ஆள தேடிக் குடுத்துட்டுத்தான் மறுவேலை.”

அந்த அம்மா எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். அழவில்லை. “சரி, எயுந்திரிங்க” என்றார்.

நிஜ ஸ்டேஷனுக்குப் போகலாம் என்றுதான் வெளியே வந்தோம். மரத்தடியில் துணை நடிகர்கள் வரிசையாக உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். எல்லாரும் காக்கி. சொர்ணம் அப்படியே நின்றுவிட்டார். வரிசையின் கடைசியில், இலையில் ரசத்தைப் பாத்தி கட்டி உறிஞ்சிக்கொண்டிருந்தார் ஒரு மெலிந்த மனிதர். காலையில் கேட்டில் இருந்தவர்கள் துணை நடிகர் என்று நினைத்து உள்ளே அனுப்பியிருக்கிறார்கள். யாரோ தொப்பியும் கொடுத்திருக்கிறார்கள். காலையிலிருந்து எடுத்த எல்லாக் காட்சியிலும் அவர் நின்றிருக்கிறார்!

சொர்ணம் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தார். திட்டவில்லை. முந்தானையால் அவர் வாயோரத்தில் ஒட்டியிருந்த பருக்கையைத் துடைத்தார். “கேன்டீன்ல இன்னிக்கி ரசம் நல்லா கீது” என்றார் ஜெயராமன்.

ஜூன் 12

ஜெயராமன் தினமும் வருகிறார், சொர்ணமும் கூடவே. இங்கே வந்துபோகிற நாளில் நன்றாகத் தூங்குகிறாராம், கேட்டுச் சாப்பிடுகிறாராம். பாஸ்கரன் சார் தடுக்கவில்லை. ஜெயராமன் கூட்டத்தில் ஒரு காவலராக நிற்கிறார்.

லாக்கப் கம்பியைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கிறார். அவருடைய மிஷின் அந்த இடத்தில்தான் இருந்ததாம். கன்னியப்பன் அண்ணனை ‘ஃபோர்மேன்’ என்கிறார். தேவாவைப் புதிதாகச் சேர்ந்த பையன் என்று நினைத்துக்கொண்டு, இன்றைக்குத் துடைப்பத்தைக் கையில் கொடுத்துவிட்டார். அத்தனை பெரிய நடிகன் செட்டைப் பெருக்கினான். அண்ணனுக்குச் சிரிப்பு வந்து, அடக்கிக்கொண்டு, வேறு பக்கம் திரும்பினார். தேவா அதைப் பார்த்தான்.

வெயில் தூண்களுக்கு நடுவே இவர்கள் மூவரும் நடமாடுவதைப் பார்க்கும்போது, எது செட், எது தொழிற்சாலை, யார் போலீஸ் என்பதெல்லாம் கரைந்துபோகிறது. வீட்டுக்கு வந்த பிறகும் நான் அங்கேயே இருக்கிறேன். என் வீட்டுக்காரர் இரண்டு முறை கூப்பிட்டாராம். காதில் விழவில்லை.

ஜூன் 16

நாளை எடுக்கப்போகும் காட்சியைக் கொடுத்துவிட்டார்கள். அண்ணன் நின்றபடியே படித்தார். பிறகு கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்து, மறுபடியும் படித்தார்.

“நல்ல சாவுதான் ரேணு. சாவறப்ப ரெண்டு பக்கம் வசனம் பேசறேன் பாரு” என்றார்.

சிரிக்கத்தான் சொன்னார். தேவா தூரத்தில் நின்றுகொண்டு எங்களையே பார்த்தான். வரவில்லை.

எனக்குத்தான் தாங்கல. இன்னாத்துக்கு அவர சாவடிக்கணும்? சிரிப்புப் படந்தானே இது? அவர் செத்தாதான் இவன் ஹீரோவா? போய்க் கேக்கணும்னு வாய் வரைக்கும் வந்திச்சு. கேட்டா எனக்கு இருக்கிற வேஷமும் போயிடும். கேக்கல. அவ்ளோதான் நான்.

ஜூன் 17

காட்சி இதுதான். ஸ்டேஷனுக்குள் புகுந்து ரவுடிகள் சுடுகிறார்கள். அண்ணன் விழுகிறார். தேவா ஓடிவந்து அவர் தலையை மடியில் வைத்துக்கொள்ள, அண்ணன் பேசிப் பேசிச் சாக வேண்டும்.

ஒத்திகையின்போது ஜெயராமன் வெளியே சொர்ணத்தோடு இருந்தார். கேமரா ஓடத் தொடங்கிய பிறகு, எந்தப் பக்கமாக உள்ளே வந்தார் என்று தெரியவில்லை. சட்டையெல்லாம் சிவப்போடு அண்ணன் தரையில் கிடப்பதைப் பார்த்துவிட்டார்.

ஓடிவந்து மண்டிபோட்டார். தன் தொப்பியைக் கழற்றி, அண்ணனின் வயிற்றில் அழுத்திப் பிடித்தார். அந்த முகம்! வெறும் பயம் இல்லை அது. முன்பு ஒருமுறை யாரையோ இப்படிப் பார்த்திருக்கிறார். மிஷினில் யாரோ அடிபட்டிருக்க வேண்டும், இதே தரையில்.

“மிசின நிறுத்துங்கடா,” என்று கத்தினார். பிறகு தேவாவைப் பார்த்து, “இன்னா பாத்துக்கினு கீற? உன் ஆளுதானே? தூக்கு!”

தேவா வசனத்தை விட்டுவிட்டான். ஒரு கணம் அண்ணனைப் பார்த்தான். அப்படியே இரண்டு கையாலும் அள்ளித் தூக்கிக்கொண்டு ஓடினான். லாக்கப்பைத் தாண்டி, விளக்குகளைத் தாண்டி, செட் முடிந்து தொழிற்சாலையின் பெரிய கதவு வழியாக வெளியே, வெயிலுக்குள். ஜெயராமன் தொப்பியை அழுத்தியபடியே கூட ஓடினார். கேமராவைத் தோளில் வைத்திருந்தவரும் பின்னாலேயே ஓடினார். யாரும் கட் சொல்லவில்லை.

கேட் வரைக்கும் போய்த்தான் நின்றான். மூச்சு இரைக்கிறது. இறக்கிவிடவில்லை. அண்ணனின் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டு நின்றான். முதுகு குலுங்கியது.

“அண்ணி செத்தப்ப வந்திருக்கணும்ணே. வந்தா உங்க மூஞ்சிய எப்படிப் பாக்கறதுன்னு…”

அண்ணன் அவன் தலையில் கையை வைத்தார்.

“எறக்கி வுடு மாமே. உன் இடுப்பு போய்டப் போவுது.”

ஜெயராமன் இருவரையும் பார்த்தார். “பேசறான். பொயச்சிக்குவான்,” என்று சொல்லிவிட்டு, அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். சொர்ணம் வந்து அவர் கையைக் கழுவிவிட்டார்.

ஜூன் 18

படப்பிடிப்பு இல்லை. பாஸ்கரன் சாரும் தேவாவும் தயாரிப்பாளரைப் பார்க்கப் போயிருக்கிறார்கள்.

ஜூன் 21

ஏட்டு சாகவில்லை! செத்தவனை யாரும் இப்படித் தூக்கிக்கொண்டு ஓட மாட்டார்கள், ஓடியதை எடுத்தாகிவிட்டது, அதனால் பிழைத்தாக வேண்டும் என்று பாஸ்கரன் சார் சாதித்துவிட்டாராம். ஏட்டு பிழைக்காவிட்டால் தானும் நடிக்கப்போவதில்லை என்று தேவா சொன்னதாக ஜோதிகா சொன்னாள். மீதிப் படத்தில் அண்ணன் சக்கர நாற்காலியில் வருவார். தேவா அதைத் தள்ளிக்கொண்டு ரவுடிகளைத் துரத்துவான். புது இளைஞன் பாவம், பின்னாலேயே சாப்பாட்டுக் கேரியரைத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும். கேட்டவுடனே எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

ஜூலை 24

கடைசி நாள். நாங்கள் கிளம்பும் முன்பே செட்டைப் பிரிக்கத் தொடங்கிவிட்டார்கள். பச்சைச் சுவர் அப்படியே பலகையாகச் சாய்ந்தது. பின்னால் பழைய செங்கல் சுவர். ஜெயராமன் அதைப் பார்த்துக்கொண்டே நின்றார். நாளைக்கு இவர் கிளம்பினால் எங்கே போவார் என்று சொர்ணத்துக்குக் கவலை. தேவா அந்த அம்மாவிடம் அவர்கள் வீட்டுக்கு வழி கேட்டுக்கொண்டிருந்தான்.

அக்டோபர் 11

டப்பிங். இருட்டில் நின்று, திரையில் என் வாயைப் பார்த்து, என் குரலை நானே தேடிப் பேசினேன். இந்தத் தடவை வசனம் நிறைய. ஜெயராமன் இப்போது வீட்டை விட்டு இறங்குவதே இல்லையாம். அண்ணன்தான் சொன்னார்.

ஜனவரி 22

படம் வந்துவிட்டது. முதல் காட்சிக்கே போனேன். தியேட்டர் வாசலில் தேவாவின் ரசிகர்கள் மேளம் அடித்துக்கொண்டு காத்திருந்தார்கள். அண்ணனும் அவனும் சேர்ந்து வருவதாகப் பேச்சு. விளக்கை அணைக்கும் வரை வரவில்லை. பாஸ்கரன் சார் போன் மேல் போன் போட்டார், இருவருமே எடுக்கவில்லை.

இருட்டில் யாரோ தடவித் தடவி வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். சொர்ணம். தலை நிறையப் பூ. ஜெயராமன் எங்கே என்றேன்.

“ஊட்ல கீறாரு. உங்க ரெண்டு ஏட்டும் காலைலயே வந்துட்டாங்க. நீ போய்ப் பாத்துட்டு நிதானமா வா, நாங்க கூட இருக்கறோம்னு சொல்லி அனுப்பிச்சாங்க. அண்ணன் அவருக்கு இட்லி ஊட்டிக்கினு இருந்தாரு. அந்தத் தம்பி வாசல்லயே குந்திக்கிச்சு.”

அவர்கள் இன்றைக்கு இங்கே இருக்க வேண்டுமே என்று என் வாய் வரை வந்தது. சொல்லவில்லை.

திரையில் ஜெயராமன் ஓடிவந்தார். தியேட்டரே எழுந்து நின்றது. சொர்ணம் எழவில்லை. கன்னத்தில் கை வைத்து, புதிதாகப் பார்க்கிற மாதிரி அவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இடைவேளை விட்டதும் பையை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டார். முடிந்துவிட்டது என்று நினைத்தாராம். இன்னும் பாதிப் படம் இருக்கிறது என்றேன்.

“அப்ப இருந்து பாக்கலாமா?”

“பாக்கலாம்.”

மறுபடி உட்கார்ந்தார். செருப்பைக் கழற்றிவிட்டு, காலை மேலே மடக்கி வைத்துக்கொண்டார்.