அப்பா மறுபடி பேசிய மதியம்

அன்புள்ள பாப்பாவுக்கு, அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் ஒரு குறையுமில்லாமல் இருக்கிறோம், நீயும் மாப்பிள்ளையும் வேளாவேளைக்குச் சாப்பிட்டுத் தூங்கி அப்படியே இருக்க வேண்டும். நீ அனுப்பிய ஸ்வெட்டர்கள் வந்தன, எனக்குக் கச்சிதம், அப்பாவுக்குத்தான் வயிற்றருகே மல்லுக்கட்டுகிறது.

தொண்டை ஆபரேஷனுக்குப் பிறகு அப்பா பேசக்கூடாது என்று டாக்டர் சொன்ன நாளிலிருந்து வீட்டில் ஒரே நாடகம்தான். வெந்நீர் வேண்டுமென்றால் டம்ளரைக் காட்டினால் போதாதா, பாலைவனத்தில் வழி தவறியவர் மாதிரி தள்ளாடி வந்து நாற்காலியைப் பிடித்துக்கொண்டு சரிவார். பேப்பர்காரர் நின்று பார்த்துக் கைதட்டிவிட்டுப் போகிறார். சினிமாவில் எத்தனை ஜட்ஜ், எத்தனை டாக்டர், எத்தனை கல்யாணப் பெண்ணுக்கு அப்பா, ஒன்றிலும் இவரை நாலு காட்சிக்கு மேல் விட்டதில்லை, அந்தக் குறையையெல்லாம் இப்போது என் சமையலறையில் தீர்த்துக்கொள்கிறார். காய்கறிக்காரம்மா இன்னமும் இவரை நிஜ டாக்டர் என்று நினைத்து முட்டிவலிக்கு மருந்து கேட்கிறாள், இவரும் வாயைத் திறக்காமல் முட்டியைப் பார்த்துத் தலையாட்டிவிட்டு வருகிறார்.

சிரிப்பெல்லாம் இருக்கட்டும். போன வாரமே டாக்டர் பார்த்துவிட்டுப் புண் ஆறிவிட்டது, இனிப் பேசலாம் என்று சொல்லிவிட்டார், ஆனால் இவர் பேசவில்லை. கெஞ்சினேன், கோபித்தும் பார்த்தேன், நாளைக்கு என்று கையை ஆட்டிவிட்டு நகர்ந்துவிடுவார். ரேடியோவில் காலையில் செய்தி, மதியம் நாடகம், ஞாயிற்றுக்கிழமை குழந்தைகளுக்கு மாமா, பற்பசை விளம்பரத்தில் பேசும் பல், இத்தனை வருஷம் நாம் சாப்பிட்டதெல்லாம் அந்தக் குரல் போட்ட சோறு. வாயைத் திறந்து அது போய்விட்டது என்று தெரிந்துவிட்டால் என்ன செய்வது என்று அவருக்குப் பயம். எனக்கும் அதே பயம்தான்.

நேற்று மதியம் நான் சமையலறையில் செய்தி கேட்டுக்கொண்டிருந்தேன், அவர் உள்ளறையில் படுத்திருந்தார். பாதி வாக்கியத்தில் ரேடியோ நின்றுபோனது. ரேடியோக்காரர்கள் இடியைக்கூடத் தாங்குவார்கள், நிசப்தத்தை மட்டும் தாங்கமாட்டார்கள். ஒலிபரப்பில் சத்தம் நின்றால் பக்கத்தில் யார் இருந்தாலும் மைக்கைப் பிடித்து எதையாவது பேசிவிட வேண்டும் என்பதுதான் வேலையில் சேர்ந்ததும் அவர்களுக்குச் சொல்லித்தரும் முதல் பாடம். ஒற்றைச் செருப்போடு ஓடி வந்தார் உன் அப்பா. ரேடியோ முன்னால் நிமிர்ந்து நின்று, "தடங்கலுக்கு வருந்துகிறோம். நிகழ்ச்சி சற்று நேரத்தில் தொடரும்" என்றார். நன்றாகச் சத்தமாகவே. பழைய மணிக்குரல் இல்லை பாப்பா, பாத்திரத்தைச் சுரண்டுகிற மாதிரி இருந்தது. அவரே திடுக்கிட்டுத் தொண்டையைத் தடவிப் பார்த்தார். நான் அழுதுவிட்டேன். அதைப் பார்த்துவிட்டு, "ஏன், நல்லா இல்லையா? இன்னொரு டேக் போகட்டுமா?" என்று கேட்டார். அப்புறம் படுக்கப் போகும்வரை வாய் மூடவில்லை. ஜட்ஜ் வேஷம் இனிக் கிடைக்காது, இந்தக் கரகரப்புக்கு வில்லன்தான் என்கிறார். இன்று காலை கண்ணாடி முன்னால் நின்று யாரையோ மிரட்டிக்கொண்டிருந்தார், பால்காரர் கதவைத் தட்டவே யோசித்தாராம்.

ஞாயிற்றுக்கிழமை போன் பண்ணு, அவரேதான் எடுப்பார். யாரோ என்று நினைத்து வைத்துவிடாதே, குரலைப் பற்றி நீயாக எதுவும் சொல்லாதே. வேலை வேலை என்று உடம்பைக் கெடுத்துக்கொள்ளாமல், நீங்கள் இரண்டு பேரும் நோய்நொடி இல்லாமல் ரொம்ப நாள் சந்தோஷமாக இருக்க வேண்டும்.

இதைப் படித்ததும் கிழித்துப் போட்டுவிடு. போனில் சொன்னால் அவர் காதில் விழும், அதனால்தான் எழுதுகிறேன். ரேடியோ தானாக நிற்கவில்லை, பிளக்கைப் பிடுங்கியது நான்தான்.

உன்னையே நினைத்துக்கொண்டிருக்கும்
அம்மா