பலகை இல்லாத முச்சந்தி

பிப்ரவரி 17, 2022
வடிவியல் தேர்வில் பன்னிரண்டுக்கு ஏழு. எல்லைக்கு அப்பால் பெல்கரத் நகரத்திலிருந்து பெரியம்மா அழைத்தாள். "எங்க ராணுவத்தோட வெறும் பயிற்சிதான்டி. உங்க டிவி பூச்சாண்டி காட்டுது." தம்பி தீமிஷுக்கு இன்சுலின் அடுத்த வாரம்தான் வருமாம்.

பிப்ரவரி 24
விடியுமுன் ஜன்னல் அதிர்ந்தது. பயிற்சி இல்லை. படையெடுப்பு.
உருளைக்கிழங்கு நிலவறையில் படுத்திருக்கிறோம். எதையும் எழுதி வைக்காதே என்கிறாள் அம்மா. அவர்கள் கையில் சிக்கினால்? எல்லோரும் தூங்கியபின் எழுதுகிறேன்.

பிப்ரவரி 26
அப்பா சாலைப் பணியாளர். முச்சந்தியில் இருந்த வழிகாட்டிப் பலகைகளை அவரும் நானும் கழற்றினோம். நாடு முழுக்க இப்படித்தானாம். "வீட்டுக்காரனுக்கு வழி தெரியும். திருடனுக்கு எதுக்குடி பலகை?" என்றார். சிரித்துவிட்டேன்.

மார்ச் 2
இன்சுலின் இன்றோடு தீர்ந்தது. தீமிஷ் தண்ணீர் தண்ணீர் என்கிறான்.

மார்ச் 3
செர்னிஹிவ் நகரத்திலிருந்து தன்னார்வலர்களின் வண்டி மருந்தோடு கிளம்பியிருந்தது. மதியம், இன்னும் வெகுதூரத்தில் இருந்தபோதே ஓட்டுநர் அழைத்தார்.
"உங்க ஊருக்கு எங்கம்மா திரும்பணும்? ஒரு பலகைகூட இல்லையே! எந்தப் புண்ணியவான் பிடுங்கினான்?"
நான்தான். சொல்வதற்குள் தொடர்பு அறுந்தது. முச்சந்தியில் இடப்பக்கம் திரும்பினால் நேராக அவர்களுடைய டாங்கிகள்.
அப்பா பாலத்தில் காவலுக்குப் போயிருந்தார். அம்மா என் கையைப் பிடித்தாள். "அங்க குண்டு விழுதுடி!"
"விழட்டும்மா. கழட்டினது நான்தானே?"
ஓடினேன். பனியில் இரண்டு மணி நேரம். ஒவ்வொரு வெடிச்சத்தத்துக்கும் பள்ளத்தில் குப்புற விழுந்தேன், எழுந்தேன். வருவது யாருடைய வண்டி என்று எப்படித் தெரியும்? தெரியவில்லை. வெள்ளை வண்டி இடப்பக்கம் ஒடித்தபோது இரு கைகளையும் விரித்து நடுச்சாலையில் நின்றேன்.
"பைத்தியமாடி நீ? ஏத்தியிருப்பேன்!" என்று கத்தினார்.
"பைத்தியந்தான். வலப்பக்கம் போங்க மாமா."

மார்ச் 4
ஊசி போட்டபின் தீமிஷ் தூங்குகிறான். அம்மாவுக்கு என்மேல் இன்னும் கோபம். ஆனால் என் ஈரக் காலுறைகளை அடுப்பருகே காயப்போட்டிருந்தாள்.

மார்ச் 6
தீமிஷ் எழுந்து உட்கார்ந்து அரை ஆப்பிள் தின்றான். "நடுரோட்ல சோளக்கொல்லை பொம்மை மாதிரி நின்னியாமே?" என்று கேலி செய்தான். பழைய வாய்த்துடுக்கு திரும்பிவிட்டது.
நாளை ரொட்டி வண்டி வருகிறது. ஓட்டுநர் வெளியூர்க்காரர். நான் ஆறு மணிக்கு முச்சந்தியில் இருக்க வேண்டும். அம்மாவே எழுப்பிவிடுகிறேன் என்றாள்.