கொட்டகைப் பங்கு

தம்பிக்கு,

இங்கே யாருக்கும் காய்ச்சல் தலைவலி இல்லை. வேறு என்ன எழுதுவது என்று தெரியவில்லை.

என் வீட்டுக்காரர் மேல் நீ போட்ட திருட்டு வழக்கு நேற்று தள்ளுபடியாகிவிட்டது. நீ வராததால் சொல்கிறேன். நெருப்பெரிச்சல் ஊரில் இருக்கும் பனியன் கொட்டகை அப்பா சம்பாதித்தது. அதில் எனக்குப் பங்கு உண்டா என்பதே தீராதபோது, அங்கிருந்த பனியன் மிஷினை உன் மச்சான் வண்டியில் ஏற்றி வந்தது எப்படித் திருட்டாகும் என்று மாஜிஸ்திரேட் கேட்டார். "இது பாகத் தகராறு. சிவில் கோர்ட்டுக்குப் போங்க" என்றார்.

போகலாம். எத்தனை வருஷம் இழுத்தாலும் நானே வந்து எதிரில் நிற்கிறேன். நீ பங்கு இல்லை என்று சொல், பதில் சொல்கிறேன்.

ஸ்டேஷனிலிருந்து உன் மச்சானைக் கூட்டி வரப் போனபோது ஏட்டு என் முகத்தைப் பார்க்காமல், "உங்க தம்பி எழுதிக் குடுத்துத்தானுங்க புடிச்சோம்" என்றார். அன்றிலிருந்து உன் மச்சான் வீட்டுக்குள்ளும் சட்டையைக் கழற்றுவதில்லை. இந்தப் புழுக்கத்திலும் அப்படியே படுக்கிறார். முதுகை எனக்குக் காட்டுவதில்லை.

பாப்பாவுக்கு வைகாசியில் காது குத்து. யார் மடியில் உட்கார வைப்பது என்று அவரிடம் தயங்கித் தயங்கிக் கேட்டேன்.

"இதென்ன கேள்வி? தாய்மாமன் மடியிலதான். கோர்ட்டு வேற, சீரு வேற. உன்ற தம்பிக்கு எழுதிப் போடு" என்றார்.

அவர் சொன்னதால்தான் எழுதுகிறேன். நானாக எழுதியிருக்க மாட்டேன்.

வா. வந்ததும் சனங்கள் எல்லோரும் கேட்கும்படி அவரை ஒரு தரம் "மச்சான்" என்று கூப்பிடு. கொட்டகையைப் பிறகு கோர்ட்டில் பார்த்துக்கொள்வோம்.

உன் அக்கா