ஒரு சொட்டும் குடிக்காத குடிகாரன்

3 மார்ச் 1938, வியாழன்

இன்று மட்டும் மூன்று முறை ஸ்டூடியோ தண்ணீர்த் தொட்டியில் விழுந்தேன். முதல் முறை தொப்பி மிதக்கவில்லை. இரண்டாம் முறை கேமராக்காரர் சிரித்து கேமராவை ஆட்டிவிட்டார். மூன்றாம் முறை எல்லோரும் கைதட்டினார்கள்.

ஈரத்தலையோடு டிராமில் ஏறினால் கண்டக்டர் கையைப் பிடித்து உட்காரவைக்கிறார். "பாத்து ஐயா, இன்னிக்குக் கொஞ்சம் ஜாஸ்தியோ?" பதினைந்து வருடமாகக் குடிகாரன் வேஷம்தான். போலீஸ் தூக்கிப்போகும் குடிகாரன், கல்யாண கேக் மேல் விழும் குடிகாரன். நான் ஒரு சொட்டுகூடத் தொட்டதில்லை என்றால் ஸ்டாக்ஹோமில் யார் நம்புவார்கள்?

நம்பும் இடம் ஒன்றுதான், எங்கள் மதுவிலக்குச் சங்கம். பட்டாணி சூப்பையும் பான்கேக்கையும் விழுங்கிவிட்டு ஓடினேன். தலைவி சிக்னே தானே காபி ஊற்றினாள். "சகோதரருக்கு இன்னொரு கப் வேணுமா?" சங்கத்தில் எல்லோரும் சகோதர சகோதரிகள், வழக்கம் அப்படி. அதற்காக, நான் கட்டிக்கொள்ள ஆசைப்படுகிறவளே என்னைச் சகோதரர் என்றால்? ஆனாலும் அவள் ஊற்றுகிறாளே என்று நான்கு கப் குடித்தேன்.

9 மார்ச்

பெரிய வேஷம்! கிராமத்துத் தேவாலயத்தில் ஆர்கன் வாசிப்பவன். சுவரொட்டியில் பெயர் வருமாம் — அல்கோத் ரீட்மன்! குடிகார ஆர்கன்காரன்தான். வேறென்ன.

10 மார்ச்

சங்கத்தில் வெடித்துவிட்டது. மருந்துக்கடை ஏவர்ட் எழுந்தார். "நாம ஊரெல்லாம் குடிக்காதேன்னு தொண்ட கிழியக் கத்துறோம். இவரு திரையில தள்ளாடித் தள்ளாடிக் குடிய வேடிக்கையாக்கிட்டாரு. வேஷமா சங்கமா, ஒண்ணச் சொல்லட்டும்!"

சங்கத்தை விட்டால் சிக்னே முகத்தில் எப்படி விழிப்பேன்? வேஷத்தை விட்டால் — ஐயோ, சுவரொட்டி!

சிக்னே மேசையைத் தட்டினாள். "பாக்காத படத்துக்கு நான் தீர்ப்பு சொல்ல மாட்டேன். வரட்டும், எல்லாரும் போய்ப் பாப்போம். அப்புறம் வாக்கெடுப்பு."

17 மே

படிக்கட்டுக் காட்சி. ஞாயிறு காலை, முழு போதையில் ஆர்கன் மாடத்துக்கு ஏற வேண்டும். நான் தள்ளாடவே இல்லை. நேராக ஏறப் பாடுபட்டேன், அவ்வளவுதான். அப்பா குடித்துவிட்டு வந்தால் வீட்டுப் படியில் அப்படித்தான் ஏறுவார். விழுந்தால் பிடிக்க நான் கையை விரித்துக்கொண்டு பின்னாலேயே போவேன்.

ஒரே தடவையில் சரி என்றுவிட்டார் இயக்குநர். "எங்கய்யா கத்துக்கிட்ட?"

"ஊர்ல," என்றேன்.

25 செப்டம்பர்

நாளை படம். தூக்கமாவது ஒன்றாவது!

26 செப்டம்பர்

எழுத்து எங்கெங்கோ ஓடுகிறது, ஓடட்டும்!

ஒரு வரிசை முழுக்கச் சங்கம், தொப்பியும் முறைப்புமாக. பத்தே நிமிடத்தில் ஏவர்ட் பக்கத்து ஆளின் தொடையில் அடித்து அடித்துச் சிரிக்கிறார். படிக்கட்டு வந்ததும் அரங்கமே அமைதியானது. சிக்னே கைக்குட்டையை எடுத்தாள்.

வெளியே மழை. "அந்தப் படியில ஏறினது யாரு?" என்று கேட்டாள்.

"எங்கப்பா."

"எங்கப்பாவும் அப்படித்தான் ஏறுவாரு," என்றாள்.

நடைபாதையிலேயே வாக்கெடுப்பு. எல்லாக் குடைகளும் உயர்ந்தன, ஏவர்ட் குடைதான் முதலில். நான் சங்கத்தில் இருக்கலாமாம்! ஆனால் சிக்னே என்னைத் தனியே இழுத்துப்போய், "இனிமே நீங்க எனக்குச் சகோதரர் இல்ல," என்றாள். உயிரே போய்விட்டது.

"ஏன்? நான் என்ன பண்ணினேன்?"

"மண்டு! சகோதரரையா கல்யாணம் பண்ணிக்க முடியும்?"

டிராமில் ஏறாமல் வீடுவரை நடந்தே வந்தேன். ஓடி வந்தேன் என்றும் சொல்லலாம்.

24 ஜூன் 1939

கல்யாணம் முடிந்தது. பந்தியில் பழரசம் மட்டுமே, சத்தியமாக.

தேவாலயப் படியில் இறங்கும்போது சந்தோஷத்தில் கால் பின்னிக்கொண்டது. மணியடிப்பவர் சத்தமாகவே சொன்னார்: "காலையிலேயே ஏத்திட்டாரு போல."

கீழே சங்கம் முழுக்க நிற்கிறது. சிக்னே என் முழங்கையைப் பிடித்து, "எல்லாரும் பாக்குறாங்க, நேரா நட," என்றாள். நேராக நடக்கத்தான் பாடுபட்டேன்.

திரும்பிப் பார்த்தால், ஏவர்ட் இரண்டு கைகளையும் விரித்துக்கொண்டு என் பின்னாலேயே இறங்கி வருகிறார்.