கருங்குரங்கைப் பங்காளியாக்கிய வாத்தியார் மீது மனு

மனுதாரர்:
வைத்தியம் ரத்தினசாமி,
த/பெ. காலஞ்சென்ற அழகுமலை வைத்தியர்,
கொழிஞ்சாம்பாறை, சித்தூர் தாலுகா,
கொச்சி ராஜ்யம்.

சமூகம்:
மகா கனம் பொருந்திய பள்ளிக்கூட இன்ஸ்பெக்டர் அவர்கள்,
சித்தூர்.

விஷயம்: நான்காம் வகுப்பு வாத்தியார் அமிர்தநாதன் என்பவர் கருங்குரங்கு மனிதனுக்குப் பங்காளி என்று பிள்ளைகளுக்குப் போதித்ததும், அதனால் என் மகள் மருந்து உண்ண மறுத்து உயிருக்குப் போராடுவதும் குறித்து.

மதிப்புக்குரிய ஐயா,

1. நான் கருங்குரங்கு லேகியம் கிண்டும் வைத்தியன். என் தகப்பனாரும் அவர் தகப்பனாரும் இதே தொழில் செய்தவர்கள். பரம்பிக்குளத்துக் காட்டில் கருங்குரங்கைச் சுட்டு, அதன் இறைச்சியை மூலிகையும் நெய்யும் சேர்த்துச் சுண்டக் காய்ச்சி நாங்கள் எடுக்கும் லேகியம், பொள்ளாச்சி முதல் பாலக்காடு வரை மூச்சிரைப்புக்காரர்கள் அறிந்த மருந்து. துப்பாக்கிக்கு லைசென்ஸ் உண்டு. அதைப் பற்றித் தாங்கள் விசாரிக்க வேண்டியதில்லை. இது வாத்தியாரைப் பற்றிய மனு. மனு எழுதிக் கொடுப்பவரிடம் போனால் ஊர் முழுவதும் கேட்டுச் சிரிக்கும் என்பதால் என் கையாலேயே எழுதுகிறேன். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளவும்.

2. மேற்படி அமிர்தநாதன் சென்ற இடவ (வைகாசி) மாதம் பள்ளிக்கூடம் திறந்தபோது இங்கே வந்தார். திருச்சினாப்பள்ளியில் படித்தவராம். படித்ததை அங்கேயே வைத்துவிட்டு வந்திருக்கலாம். வந்த மூன்றாம் வாரமே பிள்ளைகளை வடகரப்பதி வழியிலுள்ள பாண்டுக்குழிக்கு, அதாவது பழங்காலப் புதைகுழிக்கு, அழைத்துப் போனார். மண்ணுக்குள் உடைந்து கிடந்த பெரிய தாழியையும் அதிலிருந்த எலும்பையும் காட்டி, இரண்டாயிரம் வருஷத்துக்கு முன் இங்கே இருந்த மனிதர்கள் இவர்கள் என்றார். பிள்ளைகள் பானை ஓட்டை மடியில் கட்டிக்கொண்டு வீடு வந்தார்கள். அதுவரை எனக்கு ஆட்சேபம் இல்லை.

3. தாழிக்கு முந்தி யார், அதற்கும் முந்தி யார் என்று பிள்ளைகள் கேட்டார்களாம். கேட்பது பிள்ளைகளின் வேலை, தெரியாது என்று சொல்லி அனுப்புவது வாத்தியாரின் வேலை. இவர் மறுநாள் ஒரு படத்தைக் கொண்டுவந்து சுவரில் மாட்டினார். வாலுள்ள குரங்கு, வாலில்லாக் குரங்கு, மயிர் மூடிய மனிதன், கடைசியில் சட்டை போட்ட மனிதன். இவர் போகும் மாதாகோயிலில் கடவுள் மண்ணைப் பிசைந்து மனிதனைச் செய்தார் என்று ஞாயிற்றுக்கிழமை சொல்கிறார்கள். அதையாவது இவர் கேட்டிருக்கலாம்.

4. நான் நேரில் போய், குரங்குதான் நம் பாட்டன் என்றீரா என்று கேட்டேன். அவர் என்னையே திருத்தினார். "அப்படிச் சொல்றது தப்பு வைத்தியரே. அதுவும் நாமும் ஒரே பாட்டன் வழியில் வந்த ரெண்டு கிளை. அது நமக்குப் பங்காளி, அவ்வளவுதான்" என்றார். ஐயா, என் குற்றச்சாட்டு முழுவதும் அந்த ஒரு வார்த்தையின் மேல்தான். பாட்டன் என்றிருந்தால் எனக்குத் தொல்லையே இல்லை. நூறு தலைமுறைக்கு முந்திய பாட்டனுக்காக யாரும் இன்றைக்குத் தலைமுழுகுவதில்லை. பங்காளி செத்தால் தலைமுழுக வேண்டும், தீட்டுக் கழியும்வரை கறி தின்னக் கூடாது என்பது எங்கள் பக்கத்தில் பால்குடி மறந்த குழந்தைக்கும் தெரியும். வாத்தியார் வேதக்காரர், அவர்கள் வழக்கம் வேறு என்று விட்டுவிட நான் தயாராக இல்லை. யாருக்குப் பாடம் சொல்கிறோம் என்று தெரிந்துகொள்ளாமல் வாயைத் திறந்தது அவர் தப்பு.

5. என் மகள் மயிலாத்தாளுக்கு ஒன்பது வயது. அவளுக்கு மூச்சிரைப்பு உண்டு. அவளைப் பெற்றவளும் இதே நோயில்தான் போனாள். அந்த வருஷம் மழை பிடித்துக்கொண்டு என்னால் காட்டுக்குப் போக முடியவில்லை. ஊருக்கெல்லாம் மருந்து கொடுத்தவன் வீட்டில் ஜாடி காலியாக இருந்தது. அதற்குப் பிறகு மகளுக்கு ஒருநாளும் லேகியம் தவறவிட்டதில்லை. பாலக்காட்டுக் கணவாய்க் காற்று அடிக்கும் ஆடி மாதத்தில் இரண்டு வேளையும் கொடுப்பேன்.

6. இந்த ஆடி மூன்றாம் தேதி காலையில் நான் ஒரு கருங்குரங்கோடு காட்டிலிருந்து வந்தேன். சாக்கைக் கீழே வைத்ததும் பிள்ளை எழுந்து கிணற்றடிக்குப் போய், அந்தக் காற்றில், தலையோடு நாலு குடம் ஊற்றிக்கொண்டு நடுங்கிக்கொண்டு வந்தாள். என்ன அம்மிணி இது என்று பதறினேன். "ஏனுங்கப்பா, பங்காளி செத்தா தலைக்கு ஊத்தோணுமுங்கல்ல?" என்றாள். உச்சி வேளைக்குள் இரைப்பு பிடித்துக்கொண்டது. உதடு நீலம் பாய்ந்துவிட்டது. லேகியத்தை வாயருகே கொண்டுபோனால் பல்லை இறுகக் கடித்துக்கொண்டாள். "பங்காளியத் திங்க மாட்டேனுங்கப்பா" என்று மூச்சு வாங்க வாங்கச் சொன்னாள். அன்று சாயங்காலம் வரை அவள் நெஞ்சில் கை வைத்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். நான் பயந்த பயத்தைத் தங்களுக்கு எழுதத் தெரியவில்லை.

7. அந்த நாளிலிருந்து லேகியம் அவள் தொண்டையில் இறங்கவில்லை. சித்தூர் ஆஸ்பத்திரித் தூளில் பலன் இல்லை. இது ஆட்டுக்கறி லேகியம் என்று ஒருநாள் பொய் சொல்லிப் பார்த்தேன். வாசனையில் கண்டுபிடித்துவிட்டாள். இப்போது நான் கொடுக்கும் கஞ்சியையும் முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் குடிக்கிறாள். மற்றப் பிள்ளைகளோ என் வீட்டு வழியே போகும்போது, "வைத்தியரே, இன்னைக்கு எந்தப் பங்காளிங்க?" என்று கேட்டுவிட்டு ஓடுகிறார்கள். ஐயா, எனக்கு நல்லமுத்து என்று சொந்தப் பங்காளி ஒருவன் இருக்கிறான். ஒரு முழ வரப்புக்காகப் பதினோரு வருஷமாக என்னோடு வழக்காடுகிறான். அவனையும் கருங்குரங்கையும் ஒரே வரிசையில் வைத்தது கருங்குரங்குக்குத்தான் அவமானம்.

8. மறுபடியும் வாத்தியாரிடம் போனேன். கோபத்தை அடக்கிக்கொண்டு, வீட்டுக்கு வந்து அது பங்காளி இல்லை என்று பிள்ளையிடம் ஒரு வார்த்தை சொல்லுங்கள் என்று கையெடுத்துக் கும்பிட்டேன். "படிக்கிற பிள்ளைகிட்டப் பொய் சொல்ல மாட்டேன் வைத்தியரே" என்றார். இவருக்குத் தன் உண்மை பெரிது. பிள்ளையின் மூச்சு பெரிதில்லை.

9. இன்னும் ஒன்றை மறைக்காமல் எழுதுகிறேன். சென்ற திங்கட்கிழமை காட்டுக்குப் போனேன். பலாமரத்தில் ஒரு பெண் குரங்கு, நெஞ்சில் குட்டியோடு உட்கார்ந்திருந்தது. நல்ல குறி. துப்பாக்கியை நீட்டினேன். கிளையைப் பிடித்திருந்த அதன் கையில் நகம் தெரிந்தது. முப்பது வருஷமாக அந்தக் கையை அறுத்துப் பானையில் போட்டவன் நான். அன்றைக்குத்தான் அதில் நகம் இருப்பதைப் பார்த்தேன். துப்பாக்கியை இறக்கிவிட்டேன். இந்தக் கேட்டையும் எனக்குச் செய்தவர் அமிர்தநாதன்தான். வெறுங்கையோடு வந்த என்னைப் பார்த்துப் பிள்ளை சிரித்தாள். சிரிக்கும்போதும் அவள் நெஞ்சு கீச்சிட்டது.

10. இவரை வேலையிலிருந்து விலக்க வேண்டும் என்று கேட்கத்தான் காகிதத்தை எடுத்தேன். எழுதிக்கொண்டு வரும்போது அது வேண்டாம் என்று தோன்றிவிட்டது. இவர் வேறு ஊருக்குப் போய்விட்டால் பிள்ளையின் மனத்தில் போட்டதை எடுக்க ஆள் இல்லை. நான் சொன்னால் அவள் நம்ப மாட்டாள். தாங்களே வந்து சொன்னாலும் நம்ப மாட்டாள், மன்னிக்கவும். ஆகவே மேற்படி வாத்தியார் உடனே என் வீட்டுக்கு வந்து, கருங்குரங்கு நமக்கு உறவே இல்லை என்று மயிலாத்தாளிடம் சொல்லும்படி தாங்கள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும். உத்தரவு என்று எழுத்தில் கொடுத்துவிட்டால் பொய் சொன்ன பாவம் சர்க்காரைச் சேரும், அவரைச் சேராது. காற்று ஓய இன்னும் பதினைந்து நாள் இருக்கிறது. பிள்ளை அதுவரை தாங்குவாள் என்று என்னால் உறுதி சொல்ல முடியாது.

அவர் சொல்லும்போது நானும் பக்கத்தில் உட்கார்ந்து கேட்க அனுமதி வேண்டும். ஜாடியில் இருக்கும் லேகியம் ஆவணிக்கு வராது. நான் திரும்பவும் துப்பாக்கியைத் தூக்க வேண்டுமானால், அது பங்காளி இல்லை என்று எனக்கும் யாராவது சொல்ல வேண்டியிருக்கிறது.

தங்கள் உத்தரவை எதிர்பார்த்து வாசலில் காத்திருக்கும்,

வைத்தியம் ரத்தினசாமி
(கையொப்பம்)

இடம்: கொழிஞ்சாம்பாறை
தேதி: கொல்லவருஷம் 1104, கர்க்கடகம் (ஆடி) 14