பட்டம்மாளுக்குப் படிக்காத வரிகள்

வாணியம்பாடி,
1917 மார்ச் 9

அருமை மகன் ஆபித் பாஷாவுக்குத் தகப்பன் வாஹித் பாஷா துஆ செய்து எழுதுவது. இங்கே எல்லோரும் உயிரோடு இருக்கிறோம். ஜெயிலில் நீ சாப்பிடுகிறாயா என்பதே உன் அம்மாவின் கவலை. இதை வக்கீல் குமாஸ்தா கையில் அனுப்புகிறேன். படித்ததும் கிழித்துப்போடு.

நாம் பதனிடும் தோல் முழுவதும் பட்டாளத்து பூட்ஸுக்கென்று சர்க்காரே எடுத்துக்கொள்கிறது. பதனிட ஆவாரம்பட்டை கிடைப்பதுதான் பேஜார்.

போன வாரம் போலீஸ் துரை கூப்பிட்டனுப்பினார். பஸ்ரா பக்கம் தண்ணீரில்லாமல் சிப்பாய்கள் செத்ததையும், தளபதி அதை மறைத்து வெற்றி என்று தந்தி அடித்ததையும் உன் பத்திரிகைக்கு எழுதியனுப்பியவன் யார் என்று கேட்டார். பெயரைச் சொன்னால் மறுநாளே உனக்கு விடுதலையாம். தெரியாது என்றேன்.

எனக்கா தெரியாது? நம் சுண்ணாம்புக் குழியில் தோல் ஊறப்போட்டுவிட்டுப் பட்டாளத்துக்குப் போன காசி, காயம்பட்டுத் திரும்பிய ஒருவனிடம் கொடுத்தனுப்பிய கடிதம் அது. காசியின் தாய் பட்டம்மாளுக்குப் படித்துக்காட்டியவனே நான். சிப்பாய்கள் செத்த சேதியை விட்டுவிட்டு, சுகமாக இருக்கிறேன் என்று நானே ஒரு வரி சேர்த்தேன். அதோடு நிற்காமல் உன்னிடம் காட்டினேன் பார், அதுதான் என் புத்திகெட்ட வேலை.

நேற்று பட்டம்மாள் வந்து, “இன்னா சாயபு, எம் புள்ள வயிறாரத் துன்னுட்டு சொகமா கீறேன்னு எழுதினான். உங்க புள்ள படிச்சவரு, ஏன் இப்டி பொய் எழுதி ஜெயிலுக்குப் போய்ட்டாரு?” என்றாள்.

உயிரோடிருப்பவன் பெயரைச் சொன்னால் சுட்டுவிடுவார்கள். செத்தவனை என்ன செய்ய முடியும்? அப்படிக் கணக்குப் போட்டுத்தான், காசி இருக்கிறானா இல்லையா என்று கேட்க வேலூரில் பட்டாள ஆபீசுக்குப் போனேன். அவன் ஒருவனை மட்டும் கேட்டால் சந்தேகம் வரும் என்று, நம் ஊரிலிருந்து போன பதினோரு பேரையும் விசாரித்தேன். செத்தவர் பட்டியல் ரகசியம் என்று விரட்டிவிட்டார்கள். அதைத்தானே நீயும் எழுதினாய்.

திரும்பும்போது காட்பாடியில் ரயிலுக்கு நின்றேன். யாருடைய சாவுச் சேதி கிடைக்காமல் போயிற்றென்று நான் வருத்தப்படுகிறேன் என்று அப்போதுதான் உறைத்தது. உன்னிடம் மறைப்பானேன்?

மருமகள் குர்ஷித் உன் சட்டைகளை வெயிலில் போட்டு மடித்து வைத்திருக்கிறாள்.

பட்டம்மாள் உனக்காக மாரியம்மனுக்கு மஞ்சள் துணியில் காசு முடிந்திருக்கிறாள். “எம் புள்ளையாட்டம் அவரும் பத்திரமா வரணும்” என்றாளாம். அல்லாஹ் அந்தத் தாயின் வாக்கைக் கபூல் செய்யட்டும். இரண்டு பேருக்கும்.

உன் தகப்பன்,
வாஹித் பாஷா